கேமரா இல்லாமல் படம் எடுத்தவர்

அனிமேஷன் கலைஞர் நார்மன் மெக்லாரன் சினிமாவுக்குள் நுழைந்தபோது அவர் கையில் கேமரா இல்லை. 1914-இல் ஸ்காட்லாந்தின் ஸ்டிர்லிங் நகரில் பிறந்தவர். கிளாஸ்கோ கலைப் பள்ளியில் படித்துக்கொண்டிருந்த காலத்தில், தியேட்டரில் ஓடித் தேய்ந்துபோன 35 எம்.எம். பிலிம் ஒன்றைக் கேட்டு வாங்கிவந்தார். அதைத் தண்ணீரில் ஊறப்போட்டு, மேலே ஒட்டியிருந்த படத்தையெல்லாம் கழுவி எடுத்தார். மிச்சம் நின்றது ஒளி ஊடுருவும் வெற்றுச் சுருள். அதன்மேல் கலர் மையைத் தொட்டு நேரடியாக வரைந்தார், புரொஜக்டரில் மாட்டி ஓட்டினார். 1933 வாக்கில் நடந்தது இது. அந்தச் சுருள் இன்று இல்லை. ஆனால் அவருக்கு வழி தெரிந்துவிட்டது.

அப்புறம் அவருக்குக் கேமரா கிடைத்தது. ஸ்டூடியோ கிடைத்தது, அரசாங்கச் சம்பளம் கிடைத்தது. ஆனாலும் பிலிமைக் கையில் எடுத்து, அதன்மேல் பேனாவையும் ஊசியையும் வைத்து வேலை செய்வதை அவர் விடவே இல்லை. இல்லாமையால் பிடித்த வழியை, எல்லாம் வந்த பிறகும் விரும்பிக் கைக்கொண்டவர். எனக்கு அவரைப் பிடித்துப்போனதற்கு முதல் காரணம் இதுதான்.

தமிழில் உலக சினிமா பற்றி நிறைய எழுதப்பட்டிருக்கிறது. நானும் அவற்றைப் படித்துத்தான் வளர்ந்தேன். ஆனால் அதில் பெரும்பகுதி கதை சொல்லும் சினிமாவைப் பற்றியது. மனிதரே இல்லாத, கதையே இல்லாத, கோடும் புள்ளியும் நிறமும் மட்டும் ஆடுகிற அரூப சினிமாவுக்கு நம்மிடம் அலமாரியில் இடம் இல்லை. அது ஏதோ படித்தவர்களின் விளையாட்டு, சாமானியனுக்கு எட்டாதது என்ற எண்ணம் பரவலாக இருக்கிறது. நான் நம்புவது நேர் எதிர். பிலிமைக் கையால் தொட்டுப் பிழைத்தவர்களுக்கு மெக்லாரன் சட்டென்று புரிவார். அதை என் கண்ணாலேயே பார்த்தேன்.

என் தாய்மாமா உசிலம்பட்டி ரோட்டில், செக்கானூரணிப் பக்கத்து டூரிங் டாக்கீஸில் ஆபரேட்டராக இருந்தவர். மணல் தரை, தென்னங்கீற்றுக் கூரை, ஒரே ஒரு புரொஜக்டர். ரீல் முடிந்தால் படம் நிற்கும், விளக்கு எரியும், அடுத்த ரீலை மாட்டும்வரை முறுக்குக்காரருக்கு வியாபாரம். மதுரை டவுனில் ஓடி முடிந்த பிரிண்ட்தான் எங்கள் ஊருக்கு வரும். சிந்தாமணி, தங்கம் தியேட்டர்கள் பார்த்துச் சலித்த படம், எங்கள் கொட்டகைக்கு வரும்போது திரை முழுக்கக் கீறல் மழை பெய்யும். பாதி வசனத்தில் பிலிம் அறும். விசில் பறக்கும். மாமா அறுந்த இரண்டு முனையையும் சதுரமாக வெட்டி, ஒரு முனையில் எமல்ஷனை, அதாவது படம் பதிந்திருக்கும் பூச்சை, பிளேடால் மெல்லச் சுரண்டி, பிலிம் சிமெண்ட் என்ற பசையைத் தடவி, ஒன்றின்மேல் ஒன்றை வைத்து அழுத்துவார். சுரண்டாமல் ஒட்டினால் நிற்காது. ஒவ்வொரு ஒட்டிலும் ஓரிரு ஃப்ரேம் (பிலிமின் தனித்தனிப் படம்) வெட்டுப்பட்டுக் கீழே விழும்.

அந்தத் துண்டுகள் எங்களுக்கு. ஃபியூஸ் போன பல்பில் தண்ணீர் ஊற்றி, இருட்டறையின் கதவிடுக்கில் கண்ணாடியால் வெயிலைத் திருப்பி, வேட்டியில் படம் காட்டாத பிள்ளை அந்தக் காலத்தில் எங்கள் தெருவில் யாரும் இல்லை. படம் தலைகீழாகத்தான் விழும், ஆகையால் துண்டைத் தலைகீழாகப் பிடிக்க வேண்டும். எம்.ஜி.ஆர். துண்டுக்கும் சிவாஜி துண்டுக்கும் தனித்தனி மதிப்பு. யாரும் இல்லாத வெறும் மரம், வெறும் சுவர் வந்த துண்டுக்கு மதிப்பே கிடையாது.

துண்டை வெளிச்சத்தில் பிடித்தால் படத்துக்குப் பக்கத்தில், ஓட்டைகளை ஒட்டி, நெளிநெளியாக ஒரு வெள்ளைக் கோடு ஓடும். அது என்னவென்று மாமாவைக் கேட்டேன். "அதுதான்டா சத்தம்" என்றார். சிவாஜியின் குரல் அந்த ஒல்லியான கோட்டுக்குள் இருக்கிறது என்பதை நம்புவதற்கு எனக்குக் கொஞ்ச காலம் பிடித்தது. புரொஜக்டருக்குள் ஒரு சின்ன விளக்கு அந்தக் கோட்டின் வழியாக ஒளியைப் பாய்ச்சும். கோடு அகலும்போதும் குறுகும்போதும் ஒளி கூடிக் குறையும். மறுபக்கம் இருக்கும் ஒளிமின்கலம் அந்த ஏற்றத்தாழ்வை மின்சாரமாக்கி ஒலிபெருக்கிக்கு அனுப்பும். இன்னொன்றும் மாமா சொன்னார்: முகத்துக்குப் பக்கத்தில் இருக்கும் கோடு அந்த முகத்தின் சத்தம் இல்லை. சத்தத்தைப் படிக்கும் இடம் லென்ஸுக்குக் கீழே தள்ளி இருப்பதால், சத்தம் சுமார் 20 ஃப்ரேம் முன்னாலேயே அச்சாகி வரும்.

மெக்லாரன் அந்தக் கோட்டைப் பார்த்து வேறொன்று யோசித்தார். சத்தம் என்பது பிலிமில் ஒரு வடிவம்தான் என்றால், அந்த வடிவத்தைக் கையாலேயே வரைந்துவிட்டால் என்ன? 1940-இல் நியூயார்க்கில், கையில் காசு இல்லாமல் இருந்தபோது, 'டாட்ஸ்', 'லூப்ஸ்' என்று இரண்டு குறும்படங்கள் செய்தார். படமும் பேனாவால் வரைந்தது, சத்தமும் பேனாவால் வரைந்தது. ஒலிப்பட்டையில் குறுக்குக் கோடுகளை நெருக்கமாகப் போட்டால் சுருதி ஏறும், இடைவெளி விட்டுப் போட்டால் இறங்கும். தடித்த குறி பலமாகக் கேட்கும், சன்னக் குறி மெல்லக் கேட்கும். வினாடிக்கு 24 ஃப்ரேம் ஓடுகிறது. கணக்குப் பார்த்தால், வினாடிக்கு 440 அதிர்வு கொண்ட ஒரு சுரத்துக்கு ஒரு ஃப்ரேம் உயரத்துக்குள் ஏறத்தாழ 18 கோடுகள் வேண்டும். ஒரு ஃப்ரேமின் உயரம் 19 மில்லிமீட்டர். அதாவது மில்லிமீட்டருக்கு ஒரு கோடு. பாடகரும் இல்லை, வாத்தியமும் இல்லை. அதுவரை காற்றில் அதிர்ந்தே இராத ஓர் ஒலி, முதல்முறையாக ஸ்பீக்கரில்தான் பிறக்கிறது.

பிற்பாடு இதை இன்னும் முறைப்படுத்தி, ஒவ்வொரு சுரத்துக்கும் ஓர் அட்டையில் கோடுகள் வரைந்து வைத்துக்கொண்டு, அவற்றை ஒலிப்பட்டையில் ஒவ்வொன்றாகப் படம்பிடித்து இசை கோத்தார். இதன் உச்சம் 1971-இல் வந்த 'சின்க்ரோமி'. அதில் திரையில் நாம் பார்ப்பது அந்த ஒலிப்பட்டையின் வடிவங்களையேதான், நிறம் மட்டும் கூட்டியிருக்கிறார். கண்ணுக்குத் தெரிவதும் காதுக்குக் கேட்பதும் ஒரே கோடுகள். சின்ன வயதில் அந்த நெளிகோட்டை வெறித்துப் பார்த்த எவரும் இந்த ஏழரை நிமிடத்தை விட்டுவிடக் கூடாது.

அவர் வாழ்க்கையைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். 1936-இல் லண்டனில், பிரிட்டிஷ் தபால் துறையின் திரைப்படப் பிரிவில் சேர்ந்தார். ஜான் கிரியர்சன் நடத்திய பிரிவு அது. அதற்கு முந்தைய ஆண்டே அங்கே நியூசிலாந்துக்காரரான லென் லை, 'எ கலர் பாக்ஸ்' என்ற படத்தைப் பிலிமின்மேல் நேரடியாகத் தீட்டி முடித்திருந்தார். பார்சல் தபால் கட்டணத்துக்கு விளம்பரம் அது! அந்தப் படம் தன்னை உலுக்கிவிட்டது என்று மெக்லாரன் கடைசிவரை சொன்னார், முன்னோடி என்ற பட்டத்தைத் தனக்காக எடுத்துக்கொள்ளவில்லை. அதே 1936-இல் ஸ்பெயின் உள்நாட்டுப் போரைப் படம்பிடிக்கப் போன குழுவில் கேமராமேனாகப் போனார். அங்கே பார்த்த சாவுகள் அவரை வாழ்நாள் முழுக்கப் போருக்கு எதிரியாக்கின. 1939-இல் நியூயார்க். 1941-இல், கனடா தேசியத் திரைப்பட வாரியத்துக்குத் தலைமையேற்றிருந்த கிரியர்சன் அவரை அங்கே அழைத்துக்கொண்டார். அங்கேயே நாற்பது ஆண்டுகளுக்கு மேல் இருந்தார். லண்டனில் அறிமுகமான கை குளோவர் ஏறத்தாழ ஐம்பது ஆண்டுகள் அவருடைய வாழ்க்கைத் துணை. 1987 ஜனவரியில் மெக்லாரன் காலமானார்.

இனி 1949-இல் வந்த 'பிகான் டல் கேர்'. எனக்கு இதுதான் அவருடைய ஆகச் சிறந்த படம். ஆஸ்கர் பீட்டர்சனின் ஜாஸ் பியானோ முதலில் பதிவாயிற்று. பிறகு மெக்லாரனும் ஈவ்லின் லாம்பார்ட்டும் உட்கார்ந்து அந்த இசைக்குப் பிலிமில் வண்ணம் தீட்டினார்கள். லாம்பார்ட் கனடாவின் முதல் பெண் அனிமேஷன் கலைஞர். படத்தில் இருவர் பெயரும் சமமாக வருகிறது, ஆனால் பேசுகிறவர்கள் மெக்லாரன் பெயரை மட்டும் சொல்லிவிட்டுப் போய்விடுகிறார்கள். அது அநியாயம்.

பெரும்பாலான இடங்களில் அவர்கள் ஃப்ரேம் ஃப்ரேமாக வரையவில்லை. ஃப்ரேம் எங்கே தொடங்குகிறது, எங்கே முடிகிறது என்பதைப் பற்றிக் கவலைப்படாமல், நீளமான ஒரு துண்டைப் பரப்பி வைத்து, அதன்மேல் பிரஷ்ஷை இழுத்தார்கள், சாயத்தைத் தெளித்தார்கள். லேஸ் துணியை ஈரச் சாயத்தில் அழுத்தி எடுத்தார்கள், காய்ந்த சாயத்தை ஊசியால் கீறினார்கள். தூசி விழுந்து சாயம் வட்டம் வட்டமாக விலகினால் அதையும் வைத்துக்கொண்டார்கள். நடுப்பகுதியில் இசை மெதுவாகும்போது திரை முழுக்கக் கறுப்பு. அதில் கீறிய சன்னமான கோடுகள் நின்று, பியானோ அசைய அசைய அசைகின்றன. மூன்றாம் பகுதியில் மறுபடி நிறங்கள் பாய்ந்து வரும்.

இந்தப் படத்தை மாமாவுக்கு லேப்டாப்பில் போட்டுக் காட்டினேன். அப்போது அவருக்கு வேலை இல்லை. டூரிங் டாக்கீஸ் எப்போதோ போயிற்று, அதன்பின் வேலை பார்த்த டவுன் தியேட்டரிலும் டிஜிட்டல் வந்துவிட்டது. கொஞ்ச நேரம் பேசாமல் பார்த்தார்.

"கோடு விழுந்த பிரிண்ட்டா மாப்ள?"

"விழுந்தது இல்ல மாமா. வேணும்னே போட்டது."

"மறுபடி ஓட்டு."

திரைக்குப் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். கீறல் எமல்ஷன் பக்கமா, மறுபக்கமா என்று கேட்டார். மறுபக்கம் கீறினால் கறுப்பாகத்தான் தெரியும், இது பளிச்சென்று இருக்கிறது என்று அவரே சொல்லிக்கொண்டார். பிறகு தன் அனுபவத்தைச் சொன்னார். நம் கலர் பிரிண்ட்டில் எமல்ஷன் பக்கம் லேசாகக் கீறல் விழுந்தால் பச்சைக் கோடு வரும். இன்னும் ஆழமாகப் போனால் மஞ்சள். அடிவரைக்கும் போய்விட்டால் வெள்ளை. கோட்டின் நிறத்தை வைத்தே பிரிண்ட்டின் ஆயுளைச் சொல்லிவிடுவாராம். அவர் சொன்னது முழுக்கச் சரி. பிரிண்ட் பிலிமில் மேலடுக்கு மெஜந்தா என்ற ஊதாச் சிவப்பு, நடுவில் சியான் என்ற பச்சை கலந்த நீலம், அடியில் மஞ்சள். மேலடுக்கு போனால் மிஞ்சிய சியானும் மஞ்சளும் சேர்ந்து பச்சை, அடுத்த அடுக்கும் போனால் மஞ்சள் மட்டும், எல்லாம் போனால் வெறும் வெளிச்சம். இதை எந்தப் புத்தகத்திலும் அவர் படிக்கவில்லை.

அடுத்ததாகக் கேட்டார்: "எத்தனை அடி இருக்கும்?" ஆபரேட்டர் கேட்கிற கேள்வி. 35 எம்.எம். பிலிம் நிமிடத்துக்கு 90 அடி ஓடும். படம் எட்டு நிமிடத்துக்குச் சற்றுக் குறைவு. 700 அடி வரும் என்றேன். "எழுநூறு அடியையும் கையாலயா?" என்று கேட்டுவிட்டு, கொஞ்ச நேரம் தன் விரல்களைப் பார்த்துக்கொண்டிருந்தார். காலம் முழுக்க வெல்வெட் துணியால் தூசி துடைத்து, ஒரு கீறல் விழாமல் காப்பாற்றப் பாடுபட்ட மனிதர். படம் முடியும்வரை 'இதில் கதை என்ன' என்று அவர் கேட்கவே இல்லை.

கேட்டவர்கள் வேறு ஆட்கள். சினிமா நிறையப் பார்க்கிற என் நண்பர்கள். "எல்லாம் சரி, இது என்ன சொல்ல வருது?" என்பார்கள். கோயில் வாசலில் தவில் தனி ஆவர்த்தனம் கேட்கிறோம். இரண்டு தவில்காரர்கள் மாறி மாறி வாசித்து, கணக்கு நெருங்கி நெருங்கி, கடைசித் தீர்மானத்தில் வந்து விழும்போது கூட்டமே தலையாட்டுகிறது. யாராவது அங்கே அர்த்தம் கேட்கிறோமா? காதுக்கு நாம் கொடுத்திருக்கும் இந்தச் சுதந்திரத்தைக் கண்ணுக்கு ஏனோ கொடுக்க மறுக்கிறோம். கண் என்றால் ஆளையும் ஊரையும் சம்பவத்தையும் அடையாளம் காண வேண்டும், அதுதான் அதன் வேலை என்று பழக்கிவிட்டோம். மெக்லாரன் அந்தப் பழக்கத்திலிருந்து கண்ணை விடுவிக்கிறார். எனக்குத் தெரிந்து அவருடைய மிகப் பெரிய கொடை அதுதான்.

அசைவு எங்கே இருக்கிறது என்பதில் அவருக்குத் தெளிவான கருத்து இருந்தது. ஒரு ஃப்ரேமில் என்ன இருக்கிறது என்பதைவிட, ஒரு ஃப்ரேமுக்கும் அடுத்த ஃப்ரேமுக்கும் நடுவில் என்ன நடக்கிறது என்பதுதான் முக்கியம் என்றார். கேட்க எளிமையாக இருக்கும். கையில் செய்து பார்த்தால்தான் அதன் ஆழம் தெரியும். நண்பர் ஒருவரிடம் பழைய 16 எம்.எம். புரொஜக்டர் இருக்கிறது. கெட்டுப்போன ஒரு ரீலை பிளீச்சிங் கரைசலில் போட்டு எமல்ஷனைக் கழற்றி, காயவைத்து, திருப்பரங்குன்றத்தில் அவர் வீட்டு மாடியில் பிள்ளைகளுக்கு மார்க்கர் பேனாவோடு கொடுத்தோம். ஒரு பெண் பொறுமையாக ஒவ்வொரு ஃப்ரேமிலும் ஒரு பூ வரைந்தாள். 16 எம்.எம். ஃப்ரேமின் உயரம் ஏழரை மில்லிமீட்டர்தான், அதற்குள் பூ. ஓட்டிப் பார்த்தால் பூ நடுங்கிக்கொண்டே இருந்தது. அவளைவிடச் சின்னப் பையன் ஒருவன் ஃப்ரேமையெல்லாம் பார்க்காமல், ஒரு முனையிலிருந்து மறுமுனைவரை ஒரே கோடாக, கையை வளைத்து வளைத்து இழுத்துக்கொண்டு போய்விட்டான். திரையில் அந்தக் கோடு இடமும் வலமுமாக ஆடியது. பார்த்தவர்கள் எல்லோரும் கைதட்டிவிட்டார்கள். அந்தப் பெண் உடனே தன் பூவை விட்டுவிட்டு அடுத்த துண்டில் கோடு இழுக்கப் போய்விட்டாள். ஆனால் எனக்கு அந்த நடுங்கும் பூவும் பிடித்திருந்தது. ஒவ்வொரு ஃப்ரேமிலும் அது இம்மியளவு இடம் மாறியிருக்கிறது, அந்த மாற்றம்தான் நடுக்கமாகத் தெரிகிறது. மெக்லாரன் சொன்ன இடைவெளி அதற்குள்ளும் இருக்கிறது.

இந்த இடைவெளியை அவர் எல்லைவரை கொண்டுபோன படம் 1955-இன் 'பிளிங்கிட்டி பிளாங்க்'. கறுப்பு பிலிமை எடுத்துப் பேனாக்கத்தியாலும் தையல் ஊசியாலும் பிளேடாலும் கீறி, கீறிய இடத்தில் கலர் சாயம் ஏற்றினார். எல்லா ஃப்ரேமிலும் அல்ல. இங்கே ஒன்று, அங்கே இரண்டு, நடுவில் எல்லாம் வெறும் கறுப்பு. ஒளிக்கீற்று ஒன்று வெட்டி மறைந்ததும் அதன் பிம்பம் கண்ணுக்குள் கொஞ்சம் நிற்கிறது, அடுத்தது வருவதற்குள் மனம் இரண்டையும் கோத்துக்கொள்கிறது. அந்தப் படத்தின் பெரும்பகுதி பிலிமில் இல்லை, பார்க்கிறவர் கண்ணுக்குள் இருக்கிறது. கான் திரைப்பட விழாவில் குறும்படத்துக்கான தங்கப்பனை விருது அதற்குக் கிடைத்தது.

அவருக்கு உலகப் புகழ் தேடித்தந்தது அரூபப் படம் அல்ல. 1949-இல் யுனெஸ்கோ அவரைச் சீனாவுக்கு அனுப்பியது, கிராமத்து மக்களுக்கான சுகாதாரக் கல்விப் படங்கள் வரையக் கலைஞர்களைப் பழக்குவதற்காக. அவர் அங்கே இருக்கும்போதே ஆட்சி மாறியது. ஊர் திரும்பிய சமயம் கொரியப் போர். அந்த வேதனையில் 1952-இல் 'நெய்பர்ஸ்' எடுத்தார். வேலி ஓரத்தில் பூத்த ஒரு பூவுக்காக அடித்துக்கொண்டு சாகும் இரண்டு அண்டைவீட்டார். நிஜ மனிதர்களை ஃப்ரேம் ஃப்ரேமாக நகர்த்தி எடுத்த படம், ஆஸ்கர் வாங்கியது. அதற்கடுத்த ஆண்டு அதே யுனெஸ்கோ பணியாக இந்தியாவுக்கும் வந்தார்.

நான் திரும்பத் திரும்பப் போவது மூன்று படங்களுக்கு. லாம்பார்ட்டும் அவரும் சேர்ந்து 1960-இல் செய்த 'லைன்ஸ் வெர்டிகல்'. நீண்ட உலோக ஸ்கேலை வைத்துப் பிலிமின் நீளவாக்கில் கீறிய நேர்கோடுகள் மட்டும். ஒரு கோடு நகர்கிறது, இரண்டாகப் பிரிகிறது, விலகுகிறது, திரும்பி வந்து கடக்கிறது. அவ்வளவுதான். ஆனால் சில நிமிடங்களில் அந்தக் கோடுகளுக்குச் சுபாவம் வந்துவிடும். பிறகு அதே படத்தை 90 டிகிரி திருப்பி அச்செடுத்து, அமெரிக்க நாட்டுப்புறப் பாடகர் பீட் சீகரின் இசையோடு 'லைன்ஸ் ஹாரிஸாண்டல்' ஆக்கினார்கள். திருப்பியதும் கோடுகளுக்குக் கனம் வந்துவிடுகிறது, மேலே போவதும் கீழே விழுவதுமாகத் தெரிகிறது. 1965-இல் மூன்றாவதாக 'மொசைக்'. நிற்கும் கோடுகளும் கிடக்கும் கோடுகளும் வெட்டிக்கொள்ளும் இடங்களை மட்டும் வைத்துக்கொண்டு கோடுகளை எடுத்துவிட்டார்கள். மிஞ்சியது புள்ளிகள். ஒரே கீறலிலிருந்து மூன்று படம். இந்தச் சிக்கனத்தை நினைக்கும்போதெல்லாம் எனக்கு மரியாதையாக இருக்கிறது.

நம் நாட்டிலும் இந்த வேர் பிடிக்கத்தான் செய்தது. பிலிம்ஸ் டிவிஷனில் பிரமோத் பதி 1968-இல் 'எக்ஸ்ப்ளோரர்' எடுத்தார். 1972-இல் ஓவியர் ஆபித் சுர்த்தியை ஃப்ரேம் ஃப்ரேமாக நகர்த்தி 'ஆபித்' எடுத்தார். மெயின் படத்துக்கு முன்னால் கட்டாயமாகக் காட்டிய அரசாங்க ரீல்கள் வெளிவந்த அதே அலுவலகம்தான் இவற்றையும் தயாரித்தது. பம்பாயில் ஓவியர் அக்பர் பதம்ஸி கோடுகளையும் புள்ளிகளையும் வைத்து 'சிசிஜி' என்ற ஊமைப்படம் செய்தார். அவருடைய இரண்டாவது படத்தின் ஒரே பிரிண்ட் தொலைந்தேபோய்விட்டது. இருவருக்கும் பின்னால் ஒரு வரிசை உருவாகவில்லை. கனடாவில் உருவானது, ஏனென்றால் அங்கே ஓர் அரசு நிறுவனம், வருமானம் தராத ஒரு கலைஞருக்கு நாற்பது ஆண்டுகள் மேசையும் சம்பளமும் கொடுத்தது. அவரும் தன் படங்களை எப்படிச் செய்தேன் என்று தொழில்நுட்பக் குறிப்புகளாக எழுதி, கேட்டவர்களுக்கெல்லாம் கொடுத்தார். ரகசியம் வைத்துக்கொள்ளவில்லை.

அவருடைய படங்களைக் கனடா தேசியத் திரைப்பட வாரியம் தன் இணையதளத்தில் இலவசமாகவே வைத்திருக்கிறது. முதலில் 'பிகான் டல் கேர்', பிறகு 'சின்க்ரோமி', அதன்பின் கோட்டுப் படங்கள் என்ற வரிசையில் பார்க்கலாம். ஹெட்போன் அவசியம். பிள்ளைகளோடு பாருங்கள், அவர்கள் கதை கேட்கமாட்டார்கள்.

இன்னொரு வேண்டுகோள். மதுரையிலும் சுற்றுவட்டாரத்திலும் மூடிப்போன தியேட்டர்களில், ஆபரேட்டர் வீட்டுப் பரண்களில், இன்னும் ரீல் பெட்டிகள் கிடக்கின்றன. பழைய இரும்புக்காரருக்கு எடைக்குப் போட்டுவிடாதீர்கள். முழுப் படமாக இருந்தால் ஆவணக் காப்பகங்களில் கேட்டுப்பார்ப்போம், அதைக் கழுவுகிற எண்ணம் எனக்குக் கிடையாது. வினிகர் வாடை அடித்தால் மற்ற பெட்டிகளிலிருந்து தனியே பிரித்து, காற்றோட்டமாக வையுங்கள், அந்த நோய் பக்கத்துப் பெட்டிக்கும் பரவும். ஒன்றுக்கும் ஆகாது என்று ஒதுக்கிய துண்டுகளும், ரீலின் முனையில் ஒட்டும் படமில்லாத லீடர் சுருள்களும் இருந்தால் எனக்குத் தகவல் சொல்லுங்கள், நானே வந்து எடுத்துக்கொள்கிறேன். கறுப்பு லீடர் கிடைத்தால் ரொம்ப நல்லது. பிள்ளைகள் அடுத்து ஊசியால் கீறிப் பார்க்க வேண்டும் என்கிறார்கள்.